ஸ்டிக் டாகர்மன்: மௌனமும் அன்றாடச் செய்யுளும்



ஸ்வீடன் எழுத்தாளர் ஸ்டிக் டாகர்மன் 1923-இல் எல்வ்கார்லேபி என்னும் சிற்றூரில் பிறந்தார். பிறந்த சிறிது காலத்திலேயே தாய் பிரிந்து சென்றார். தந்தையோ ஊர் ஊராய் வேலை தேடிய கூலித்தொழிலாளி. தாத்தா பாட்டியின் பண்ணைவீடே அவரை வளர்த்தது. 1940-இல் மனநிலை பிறழ்ந்த ஒருவன் அந்தத் தாத்தாவைக் கொன்றான். செய்தி கேட்டவுடன் இரங்கற்பா ஒன்று எழுத முயன்றதாகவும், எழுதிய சில வரிகளை வெட்கித்துக் கிழித்தெறிந்ததாகவும், அந்த வெட்கத்திலும் இயலாமையிலுமே எழுத்தாளனாகும் வேட்கை பிறந்ததாகவும் டாகர்மன் பின்னாளில் பதிவு செய்துள்ளார்.

'பாம்பு' என்ற முதல் நாவல் 1945-இல் வெளிவந்தது. 1949-க்குள் நான்கு நாவல்கள், ஒரு சிறுகதைத் தொகுதி, நாடகங்கள் எனப் படைப்புகள் பெருகின. 1946-இல் 'எக்ஸ்பிரஸன்' நாளிதழ் அவரைத் தோல்வியுற்ற ஜெர்மனிக்கு அனுப்பியது. நீர் தேங்கிய நிலவறைகளில் பசியோடு கிடந்தோரின் துன்பத்தை அவர்களுக்குத் தகுந்த தண்டனையாகக் காண அவர் மறுத்தார். அப்பயணத்தின் விளைவே 'ஜெர்மானிய இலையுதிர்காலம்'.

அதன்பின் பேனா தயங்கியது. 1949-க்குப் பிறகு எந்த நாவலும் நிறைவுறவில்லை. மனச்சோர்வும், தம்மிடமிருந்து பேரிலக்கியம் எதிர்பார்க்கப்படுகிறது என்ற சுமையும் அவரை அழுத்தின. ஆறுதலுக்கான மனிதத் தேவை தீராதது என்னும் பொருளில் 1952-இல் எழுதிய கட்டுரை அந்த இருளின் சாசனம். 1954 நவம்பர் 4 அன்று, 31 வயதில், தம் உயிரைத் தாமே மாய்த்துக்கொண்டார்.

அவர் நூல்கள் அனைத்தையும் அந்த மரணத்தின் முன்னறிவிப்பாகப் படிக்கும் வழக்கம் உண்டு. அது எளிய வாசிப்பு, முழுமையானதன்று. 'அர்பேதாரென்' என்ற தொழிலாளர் நாளேட்டில், அன்றாடச் செய்திகளை ஒட்டி அவர் எழுதிய அங்கதச் செய்யுள்கள் ஆயிரத்திற்கும் மேற்பட்டவை. நாவல் நின்ற பின்னரும் செய்யுள் நிற்கவில்லை. நாவல் அவரிடம் மேதைமையைக் கேட்டது. செய்யுளோ அன்றைய அநீதியைக் கண்டு சொன்னால் போதும் என்றது. உதவித்தொகை பெறும் ஏழைகள் நாய் வளர்க்கலாகாது என்ற அதிகாரக் குரலை எள்ளி நகையாடும் கடைசிச் செய்யுள், அவர் இறந்த மறுநாள் அச்சேறியது.

அச்செய்யுள்கள் அவரைக் காப்பாற்றவில்லை என்பது உண்மை. ஆயினும் தமக்கென ஆறுதல் காணாத மனம், பிறர்க்காகச் சினம் கொள்வதைக் கைவிடவில்லை என்பதும் உண்மையே. 1996 முதல் அவர் பெயரில் வழங்கப்படும் விருதினை எல்ஃப்ரிடே ஜெலினெக், லெ கிளேசியோ ஆகியோர் பெற்றுள்ளனர். எனினும் கவிஞர்க்கு அவர் விட்டுச்சென்ற உண்மையான செல்வம் வேறு. பெரும்படைப்பு கைகூடாத நாளிலும், ஓர் எளியவனின் நாய்க்காக எட்டு வரி எழுதலாம். அதுவும் கவிதையின் கடமையே.