இருளர் கண்ட கூட்டுறவு



நாம் கூடியிருக்கும் இந்த வடக்குப்பட்டில், 2022-ஆம் ஆண்டு நடைபெற்ற அகழாய்வில் ஆதிமனிதரின் கற்கருவிகள் கிடைத்தன. இன்று ஒரகடத்துத் தொழிற்சாலைகள் சூழ்ந்துள்ள இவ்வட்டாரம், ஒரு காலத்தில் வேட்டையாடி வாழ்ந்தோரின் நிலம். வேட்டை வாழ்வின் நுண்ணறிவை இன்றும் காத்து வரும் நம் அண்டை மக்களாகிய இருளரைப் பற்றிச் சில சொற்கள் கூற விழைகின்றேன்.

தடம் பார்த்துப் பாம்பின் வளையை அறிவது இருளரின் பரம்பரைக் கலை. முன்னாளில் அவர்கள் பாம்பைக் கொன்று, தோலை வியாபாரிகளுக்கு விற்றனர். உழைப்பு இருளருடையது, ஆதாயமோ பிறருடையது. 1972-ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டமும், பின்னர் வந்த தோல் ஏற்றுமதித் தடையும் அத்தொழிலை நிறுத்தின. பாம்புகள் பிழைத்தன, பல குடும்பங்களில் அடுப்பு அணைந்தது.

அந்நிலையில் பிறந்ததே இருளர் பாம்பு பிடிப்போர் தொழிற் கூட்டுறவுச் சங்கம். ரோமுலஸ் விட்டேக்கரின் துணையுடன், 1978-ல், கடற்கரை ஊராகிய வடநெம்மேலியில் அது தோன்றியது. நல்ல பாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகியவற்றை உறுப்பினர் உயிருடன் பிடித்து வருவர். மண்பானையில் வைத்துச் சில வாரங்கள் நஞ்சு எடுத்தபின், வயிற்றுச் செதிலில் அடையாளமிட்டு மீண்டும் காட்டில் விடுவர். அந்நஞ்சே பாம்புக்கடி மருந்துக்கு மூலப்பொருள். நம் நாட்டில் ஆண்டுதோறும் ஏறத்தாழ 58,000 பேர் பாம்புக்கடியால் மாள்கின்றனர் என ஆய்வாளர் கணித்துள்ளனர். இதனை எண்ணினால் இத்தொழிலின் அருமை விளங்கும். சங்க உறுப்பினரான வடிவேல் கோபால், மாசி சடையன் இருவரும் 2023-ல் பத்மஸ்ரீ விருது பெற்றனர்.

பொருள் தேடியதனால் மரபை அவர்கள் கைவிடவில்லை. மாசி மகத்தன்று குடும்பம் குடும்பமாக மாமல்லபுரக் கடற்கரையில் கூடி, மணலில் படிகள் அமைத்துக் கன்னியம்மனை வழிபடுகின்றனர். திருமணங்களும் அங்கேயே நடைபெறுகின்றன.

ஆயினும், சங்கத்தின் பயன் எல்லோரையும் எட்டவில்லை. முன்பணம் வாங்கிச் செங்கற்சூளையிலும் அரிசி ஆலையிலும் கொத்தடிமைகளாகி, பின் மீட்கப்பட்ட இருளர் பலர். சங்கத்தின் தொழிலும் அரசின் அனுமதியைப் பொறுத்ததே. உத்தரவு தாமதித்தால் வருவாயும் தாமதிக்கும்.

ஆகவே நம் கடமை யாது? இருளர் குடும்பங்களுக்குச் சாதிச் சான்றிதழும் மனைப்பட்டாவும் காலத்தே கிடைக்க ஊராட்சி முன்னின்று உதவ வேண்டும். அவர்தம் பிள்ளைகள் பள்ளியில் நிலைக்க வேண்டும். அவர்கள் இரக்கத்தை வேண்டவில்லை. தம் அறிவுக்குத் தாமே உரிமையாளராக விளங்கவே விரும்புகின்றனர். அதற்குத் துணை நிற்போமாக!