கால்பந்து அரங்கில் நாடுகள்

ஒரு நாட்டுக்கும் மற்றொரு நாட்டுக்கும் இடையே கால்பந்தாட்டம் நடந்தது என்று கேள்விப்பட்டால், வென்றவர் யார், எத்தனை கோல் என்பவற்றையே நாம் முதலில் வினவுகிறோம். அது இயல்பே. ஆயினும், இப்போட்டிகளின் வரலாற்றை அறிய விரும்புவோர் அதற்கு முன்னதாக வேறொன்றையும் கேட்டல் வேண்டும். அந்த ஆட்டத்துக்கு அழைக்கப்பட்டவர் யார்? அழைக்கப்படாமல் வெளியே நின்றவர் யார்? இவ்வினாக்களுக்குக் காலந்தோறும் கிடைத்த விடைகளே நாட்டுக் குழுக்களின் கால்பந்து வரலாறு எனலாம். அதனைச் சுருங்கக் கூறுவதே இப்பேச்சின் நோக்கம்.

1872-ஆம் ஆண்டு நவம்பர் 30-ஆம் நாள், கிளாஸ்கோ நகரின் கிரிக்கெட் மைதானம் ஒன்றில் ஸ்காட்லாந்தும் இங்கிலாந்தும் ஆடின. ஏறக்குறைய 4,000 பேர் கூடியிருந்தனர். இரு தரப்பிலும் ஒரு கோல்கூட விழவில்லை. நாடுகளுக்கிடையே நடந்த முதல் அதிகாரபூர்வமான ஆட்டம் அதுவே. 1884-ஆம் ஆண்டில் வேல்ஸும் அயர்லாந்தும் உடன் சேர, நான்கு நாடுகள் ஒன்றோடொன்று மோதும் ஆண்டுப் போட்டி தொடங்கியது. முதற் பரிசு ஸ்காட்லாந்துக்குக் கிடைத்தது. போர்க்காலங்கள் நீங்கலாக அப்போட்டி 1984 வரை நடந்தது.

இந்நான்கும் ஓர் அரசின் கீழ் அடங்கியவை என்பதை நாம் மறத்தல் ஆகாது. பிரிட்டிஷ் மாலுமிகளும் வணிகரும் ரயில்வேப் பணியாளரும் சென்ற துறைமுகங்களிலெல்லாம் பந்து உருண்டது. ஆனால், அங்கே கற்றுக்கொண்டவர்களைத் தம்முடன் சமமாக ஆட அழைக்கும் எண்ணம் கற்பித்தவர்களுக்கு எளிதில் தோன்றவில்லை. 1904-ஆம் ஆண்டு மே 21-ஆம் நாள் பாரிஸ் நகரில் ஃபிஃபா என்னும் அனைத்துலகச் சங்கம் அமைந்தபோது பிரான்ஸ், பெல்ஜியம், டென்மார்க், ஹாலந்து, ஸ்பெயின், ஸ்வீடன், சுவிட்சர்லாந்து ஆகிய ஏழு நாடுகளே அதன் முதல் உறுப்பினர்கள். இங்கிலாந்து அடுத்த ஆண்டில் சேர்ந்தது. பின்னர்க் கருத்து வேற்றுமையால் விலகி, 1946-இல் மீண்டும் வந்து சேர்ந்தது.

ஒரு கண்டம் முழுவதற்கும் உரிய போட்டியை முதலில் நடத்திய பெருமை தென் அமெரிக்காவைச் சாரும். அர்ஜென்டினா தன் விடுதலையின் நூற்றாண்டை 1916-இல் கொண்டாடியது. அவ்விழாவையொட்டிப் பியூனோஸ் அயர்ஸ் நகரில் அர்ஜென்டினா, உருகுவே, பிரேசில், சிலி ஆகிய நான்கு நாடுகள் கூடி ஆடின. உருகுவே 4 கோல் போட்டுச் சிலியை வீழ்த்தியது; சிலி கோல் எதுவும் பெறவில்லை. உருகுவேக் குழுவில் இசபெலினோ கிராடின், ஹுவான் டெல்காடோ என்னும் இரு கறுப்பு ஆட்டக்காரர் இருந்தனர். ஆப்பிரிக்கரைக் கொண்டு ஆடினார்கள் என்று சிலியின் தரப்பில் முறையிடப்பட்டதாக வரலாறு கூறுகிறது. அம்முறையீடு எடுபடவில்லை. கிராடின் அப்போட்டியிலேயே மிகுதியான கோல்களைப் போட்டவர். உருகுவே முதலிடம் பெற்றது. அண்டை நாடாகிய பிரேசிலில் அடிமை முறை ஒழிக்கப்பட்டு அப்போது 28 ஆண்டுகளே ஆகியிருந்தன என்பதை எண்ணிப் பார்த்தால், அந்த வெற்றியின் பொருள் நன்கு விளங்கும்.

1924, 1928 ஆகிய ஆண்டுகளின் ஒலிம்பிக் விழாக்களிலும் உருகுவேயே தங்கப் பதக்கம் வென்றது. ஆனால், ஒலிம்பிக் விழாவில் ஊதியம் பெறும் ஆட்டக்காரர்களுக்கு இடமில்லை. பந்தாட்டத்தையே தொழிலாகக் கொண்டோரும் கலந்துகொள்ளத்தக்க தனிப்போட்டி ஒன்று வேண்டும் என்று ஃபிஃபாவின் தலைவர் ஜூல் ரிமே முயன்றார். 1928-இல் அதற்கு இசைவு கிடைத்தது. 1930-ஆம் ஆண்டு ஜூலை மாதத்தில் உருகுவேயின் தலைநகராகிய மாண்டிவிடியோவில் முதல் உலகக் கோப்பைப் போட்டி நடந்தது.

பயணச் செலவையும் தங்கும் செலவையும் தானே ஏற்பதாக உருகுவே அறிவித்தும், ஐரோப்பாவிலிருந்து வந்தவை நான்கு குழுக்கள்தாம். கடலைக் கடக்க இரண்டு வார காலம் ஆகும். அத்தனை நாள் ஆட்டக்காரரை விட்டிருக்கப் பல சங்கங்கள் விரும்பவில்லை. ஆக மொத்தம் 13 நாடுகள் ஆடின. இறுதி ஆட்டத்தில் உருகுவேயும் அர்ஜென்டினாவும் எதிர்ப்பட்டன. எவருடைய பந்தைக் கொண்டு ஆடுவது என்பதிலேயே பிணக்கு எழுந்தது. முற்பாதியில் அர்ஜென்டினாவின் பந்தும் பிற்பாதியில் உருகுவேயின் பந்தும் பயன்பட்டன. முற்பாதி முடிவில் 2-க்கு 1 என முந்தி நின்ற அர்ஜென்டினா, ஆட்ட முடிவில் 2-க்கு 4 எனத் தோற்றது.

அக்காலத்தில் ஆசியாவும் ஆப்பிரிக்காவும் எங்கே இருந்தன? 1934-இல் எகிப்து ஒன்றே ஆப்பிரிக்காவிலிருந்து சென்றது. 1938-இல் ஆசியாவிலிருந்து முதன்முதலாகச் சென்ற குழு டச்சுக் கிழக்கிந்தியத் தீவுகள் என்னும் பெயரில் ஆடியது. இன்றைய இந்தோனேசியாதான் அது. ஆயினும் ஆண்டவரின் பெயரால் ஆடவேண்டியிருந்தது. ஹங்கேரியிடம் ஆறு கோல் வாங்கி, ஒரே ஆட்டத்தோடு திரும்பியது. தனக்கெனக் கொடியும் பெயரும் இல்லாத நாட்டுக்கு ஆட்ட அரங்கிலும் தனி இடம் இல்லை என்பதற்கு இது சான்று.

நம் நாடு விடுதலை பெற்ற மறு ஆண்டே, 1948-இல், லண்டன் ஒலிம்பிக்கில் இந்தியக் கொடியின் கீழ் ஒரு குழு ஆடியது. பலர் காலணியின்றியே ஆடினர். பிரான்சுக்கு எதிராக நம் பக்கத்தில் கோல் போட்டவர் சாரங்கபாணி ராமன். இரண்டு பெனால்டி வாய்ப்புகளை இழந்து, 1-க்கு 2 எனத் தோற்றோம். 1950-இல் பிரேசிலில் நடந்த உலகக் கோப்பைக்கு, எதிர்க் குழுக்கள் விலகிக்கொண்டமையால், ஆடாமலே நமக்கு இடம் கிடைத்தது. ஆயினும் நாம் செல்லவில்லை. வெறுங்காலோடு ஆட இசையவில்லை என்பதே காரணம் என்று ஒரு கதை நெடுங்காலமாக வழங்கி வருகிறது. அது முழு உண்மை அன்று. ஒலிம்பிக்கையே உயர்வாகக் கருதிய நம்மவர்கள் உலகக் கோப்பையின் மதிப்பை அன்று உணரவில்லை என்று அக்காலத்து ஆட்டக்காரர்களே பிற்காலத்தில் கூறினர். திறந்திருந்த வாயிலில் நாம் நுழையாது விட்ட அந்த வாய்ப்பு இன்றுவரை மீண்டும் வரவில்லை.

எனினும் அடுத்து வந்த காலம் இந்தியக் கால்பந்தின் பொற்காலம். 1951-இல் புது டில்லியில் நடந்த முதல் ஆசிய விளையாட்டு விழாவில், மேவாலால் போட்ட ஒரே கோலால் ஈரானை வென்று தங்கம் பெற்றோம். 1956-இல் மெல்போர்ன் ஒலிம்பிக்கில் நான்காம் இடம் கிடைத்தது. ஆஸ்திரேலியாவுக்கு எதிராக நெவில் டிசூசா மூன்று கோல் போட்டார். இக்குழுக்களைப் பயிற்றியவர் ஹைதராபாத்தின் பள்ளி ஆசிரியராக இருந்த சையத் அப்துல் ரஹீம்.

1962-இல் ஜகார்த்தாவில் நடந்த ஆசிய விழாவைத் தனித்துக் குறிப்பிடுதல் தகும். இஸ்ரேல், தைவான் ஆகியவற்றின் வீரர்களுக்கு இந்தோனேசியா நுழைவு அனுமதி தரவில்லை. ஆசிய விழாவை உருவாக்கியவர்களுள் ஒருவரான இந்தியர் குரு தத் சோந்தி அதனைக் கண்டித்தார். அதனால் மக்கள் சினங்கொண்டு இந்தியத் தூதரகத்தின் முன் ஆர்ப்பாட்டம் செய்தனர். அத்தகைய சூழ்நிலையில், பகைமை கொண்ட பெருங்கூட்டத்தின் முன்னே, சுனி கோஸ்வாமியின் தலைமையில் நம் குழு தென் கொரியாவை எதிர்த்து இறுதி ஆட்டத்தில் இறங்கியது. பி. கே. பானர்ஜியும் ஜர்னைல் சிங்கும் ஆளுக்கொரு கோல் போட, 2-க்கு 1 என வென்றோம். பீட்டர் தங்கராஜும் துளசிதாஸ் பலராமும் அக்குழுவைச் சேர்ந்தவர்களே. நோயோடு அப்பணியை முடித்த ரஹீம் அடுத்த ஆண்டே மறைந்தார். அதற்குப் பின் அத்தங்கம் நமக்குக் கிட்டவில்லை.

இனி ஆப்பிரிக்காவைக் காண்போம். 1957-இல் சூடானின் கார்ட்டூம் நகரில் அக்கண்டத்தின் முதல் போட்டி கூடியது. எகிப்து, சூடான், எத்தியோப்பியா, தென் ஆப்பிரிக்கா ஆகிய நான்கும் ஆடுவதாக ஏற்பாடு. தென் ஆப்பிரிக்காவோ, வெள்ளையர் மட்டும் அடங்கிய குழுவை அல்லது கறுப்பர் மட்டும் அடங்கிய குழுவை அனுப்பலாம். இரு சாராரும் கலந்த குழுவை அனுப்ப இயலாது என்றது. மற்ற மூவரும் அதனை ஏற்கவில்லை. நான்கு நாடுகளே உள்ள போட்டியில் ஒன்றை இழப்பது பேரிழப்பு. இருந்தும் அவர்கள் மனம் மாறவில்லை. மூன்று நாடுகளோடு, இரண்டே ஆட்டங்களில், அப்போட்டி முடிந்தது, எகிப்து வென்றது. உலகச் சங்கம் தென் ஆப்பிரிக்காவை முற்றாக விலக்கியது 1976-இல்தான். கார்ட்டூமில் கூடிய மூன்று நாடுகள் அதற்கு 19 ஆண்டுகள் முன்னரே முடிவு கண்டுவிட்டன.

1966-ஆம் ஆண்டு உலகக் கோப்பையில் 16 இடங்கள் இருந்தன. அவற்றுள் ஐரோப்பாவுக்குப் பத்து. தென் அமெரிக்காவுக்கு நான்கு. ஆப்பிரிக்கா, ஆசியா, ஓசியானியா மூன்றுக்கும் சேர்த்து ஒன்றே ஒன்று! இது நீதியன்று எனக் கூறி ஆப்பிரிக்க நாடுகள் ஒருங்கே விலகின. அந்த ஓர் இடத்தைப் பெற்ற வட கொரியா, இருமுறை உலகக் கோப்பையை வென்றிருந்த இத்தாலியைத் தோற்கடித்து உலகை வியக்கச் செய்தது. ஆசிய ஆட்டத்தின் தரம் குறைவு என்ற வாதத்துக்கு அதைவிடச் சிறந்த மறுமொழி தேவையில்லை. 1970 முதல் ஆப்பிரிக்காவுக்குத் தனி இடம் ஒதுக்கப்பட்டது. 2022-இல் மொராக்கோ, ஆப்பிரிக்க நாடுகளுள் முதலாவதாக அரை இறுதி வரை முன்னேறியது.

நிறவெறி ஆட்சி தளர்ந்ததும் 1992-இல் தென் ஆப்பிரிக்கா மீண்டும் சேர்த்துக்கொள்ளப்பட்டது. 1996-இல் ஜொகானஸ்பர்க் நகரில் டுனீசியாவை வென்று ஆப்பிரிக்கக் கோப்பையைப் பெற்றது. வெள்ளையரும் கறுப்பரும் சேர்ந்து ஆடிய குழு அது. 39 ஆண்டுகளுக்கு முன் எந்தக் குழுவை அனுப்ப இயலாது என்றார்களோ, அதே வகைக் குழுதான் கோப்பையை வென்றது.

வாயிலுக்கு வெளியே நின்றவர்களுள் பெண்களும் உளர். 1920-ஆம் ஆண்டு டிசம்பரில் லிவர்ப்பூலில் நடந்த பெண்கள் ஆட்டத்தைக் காண 53,000 பேர் திரண்டனர். அடுத்த ஆண்டே, கால்பந்து பெண்களுக்கு ஏற்றதன்று எனக் கூறி, தன் மைதானங்களை அவர்களுக்கு அளிக்கக்கூடாது என்று ஆங்கிலச் சங்கம் தடை விதித்தது. அத்தடை ஏறக்குறைய அரை நூற்றாண்டு நீடித்தது. ஃபிஃபா பெண்களுக்கென முதல் உலகக் கோப்பைப் போட்டியைச் சீனாவில் நடத்தியது 1991-இல். அதற்கு முன்பே, 1980-இல் கள்ளிக்கோட்டையில் நடந்த ஆசியப் பெண்கள் போட்டியில் இந்தியக் குழு இரண்டாம் இடம் பெற்றது என்பது நம்மில் பலர் அறியாத செய்தி.

13 குழுக்களோடு தொடங்கிய ஆடவர் உலகக் கோப்பை 1982-இல் 24 குழுக்களாகவும், 1998-இல் 32 குழுக்களாகவும் விரிந்தது. 2026-ஆம் ஆண்டுப் போட்டிக்கு 48 குழுக்கள் என வகுக்கப்பட்டது. எண்ணிக்கை பெருகினால் தரம் குன்றும் என்போர் உண்டு. அக்கவலை முற்றிலும் ஆதாரமற்றது அன்று. ஆட்டங்கள் மிகுந்து சுவை குறைதலும் கூடும். ஆனால் 1966-க்கு முன்னரும் இதே வாதம் கூறப்பட்டது. ஆடவிட்ட பிறகே தரம் வெளிப்பட்டது. ஆடாத குழுவின் தரத்தை அளந்தறிய எந்த அளவுகோலும் இல்லை.

நமக்கு இதில் ஒரு படிப்பினை உண்டு. பிறர் அடைத்த வாயில்களைப் பல நாடுகள் போராடித் திறந்தன. நமக்கோ 1950-இல் அது தானே திறந்தது. பின்னர் ரஹீம் போன்ற ஆசிரியர் ஒருவரின் உழைப்பால் ஆசியாவில் முன்னிலை பெற்றோம்; அவர் மறைந்தபின் அப்பயிற்சியைத் தொடர்ந்து வளர்க்கத் தவறினோம். அழைப்புப் பெறுவது ஒரு பாதி; அதற்குத் தகுதியாக இளைஞரை ஆயத்தம் செய்வது மறு பாதி. ஊர்தோறும் விளையாட்டுத் திடல்களைக் காத்து, பள்ளிதோறும் பயிற்சியாளரை அமர்த்தி, சிறுவரையும் சிறுமியரையும் ஒப்ப ஊக்குவித்தால், அந்த மறு பாதியும் கைகூடும்.