எழுதிக் கொடுக்குமுன்
(நமது சங்கத்தின் ஆண்டு விழாவில் நிகழ்த்திய உரை)



விழா மேடையில் ஓய்வூதியத்தையும் உடற்குறையையும் பற்றிப் பேசுவதா எனச் சிலர் எண்ணக்கூடும். நாடகம் காணக் காத்திருக்கும் குழந்தைகள் சற்றே பொறுத்தருள வேண்டும். பொம்மசந்திராத் தொழிற்பேட்டையை நம்பிக் குடியேறியவர்கள் நாம். எனினும் நம்முள் அரசுப் பேருந்து ஓட்டுவோர் உளர். இரயில்வேயில் பணிபுரிவோர் உளர். மின்கம்பம் ஏறுவோர் உளர். அத்திப்பள்ளி எல்லைக்கு அப்பால் அரசுப் பணியிலுள்ள அண்ணன் தம்பியர் இல்லாத வீடும் நம்மிடையே அரிது. இவர்களுள் ஒருவர் கண்ணொளியையோ காலையோ இழந்துவிட்டால் நாம் செய்வது யாது? “இனி இவரால் ஆகாது, எழுதிக் கொடுத்துவிட்டு மகனுக்காவது அந்த வேலையைக் கேட்போம்” என்கிறோம். அன்பினாற் சொல்வதுதான், ஆயினும் குடும்பத்தையே கவிழ்க்கும் சொல் இது.

தொலைவிலுள்ள பஞ்சாபில் நடந்ததாயினும் நம் வீட்டுக் கதை போன்ற ஒன்றைக் கேளுங்கள். அம்மாநில மின்வாரியத்தின் உதவிக் கம்பியாளர் ஒருவர் 1994-இல் இரு கண்களும் பார்வையிழந்தார். தம்மை ஓய்வில் விடுவித்துத் தம் மனைவிக்கு வேலை தருமாறு அவர் எழுதிக் கொடுத்தார். வாரியம் முற்பாதியை ஏற்றுக்கொண்டது, பிற்பாதியை ஏற்கவில்லை. அவர் தாமே விரும்பி விலகினார் என்று சாதித்தது. வழக்கு உச்ச நீதிமன்றம் வரை சென்றது. சட்டம் தமக்கு அளித்த உரிமையை அறியாமல் எழுதிய கடிதம் அது. அவ்வுரிமையை எடுத்துரைப்பது அதிகாரிகளின் கடமையாயிருந்தது என்று 2008-இல் நீதிமன்றம் கண்டித்தது. அவரைப் பணியில் நீடித்தவராகவே கொண்டு உரிய பயன்களை வழங்குமாறு ஆணையிட்டது. நீதி கிடைத்தது உண்மை. ஆனால் கண்ணிழந்து பதினான்கு ஆண்டுகள் கழித்தன்றோ கிடைத்தது!

அந்த உரிமை யாது? 1995-ஆம் ஆண்டு இயற்றப்பெற்ற ஊனமுற்றோர் சட்டத்தின் 47-ஆம் பிரிவு அதனைத் தந்தது. அச்சட்டத்தின் இடத்தில் வந்த 2016-ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம், 20-ஆம் பிரிவின் நான்காம் உட்பிரிவில் அதனை நிலைநிறுத்தியுள்ளது. பணிக்காலத்தில் உடற்குறை எய்திய ஊழியரை அரசு நிறுவனம் நீக்கவும் கூடாது. பதவி தாழ்த்தவும் கூடாது. செய்துவந்த வேலைக்கு அவர் தகாதவரானால், அதே ஊதிய விகிதத்தில் வேறு வேலை தரவேண்டும். அத்தகைய வேலை இல்லையெனில், அது கிடைக்கும் வரையிலோ ஓய்வு வயது வரும் வரையிலோ அவருக்கெனத் தனி மிகைப் பணியிடம் ஒன்றை உண்டாக்கி அதில் வைத்திருக்க வேண்டும். அரசு தனியே விலக்களித்த சில பணிகள் நீங்கலாக, இதுவே விதி.

“இயலாமை ஓய்வூதியந்தான் கிடைக்கிறதே, போதாதா?” என்பார் உண்டு. குறைந்த ஆண்டுகளே பணிபுரிந்தவருக்கு முழு ஊதியத்துக்கும் அவ்வோய்வூதியத்துக்கும் உள்ள தொலைவை, மாத முடிவில் கடைக் கணக்குத் தீர்க்கும் நம் தாய்மார்களே நன்கறிவர். பணியின்போது அடிபட்டுக் காலிழந்த ஒரு காவற்படை வீரரின் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2003-இல் இதற்கும் விடை கூறியது. குணால் சிங் வழக்கு என்று அது பெயர் பெற்றது. இயலாமை ஓய்வூதியம் பெற்றார் என்பதற்காக 47-ஆம் பிரிவின் பாதுகாப்பை மறுத்தல் ஆகாது என்பதே அத்தீர்ப்பு.

பேருந்து ஓட்டுநர்களுக்கு இன்னொரு தொல்லை நேர்வதுண்டு. நிறக்குருடு என்பது சட்டப் பட்டியலில் இல்லை. ஆதலின் மாற்று வேலை இல்லை என்று கழகங்கள் கைவிரிக்கும். தமிழ்நாடு அரசுப் போக்குவரத்துக் கழகத்தின் மதுரை ஓட்டுநர் ஒருவர் வழக்கில் சென்னை உயர் நீதிமன்றம் 2006-இல் அவ்வாதத்தைத் தள்ளியது. தெலங்கானா ஓட்டுநர் ஒருவர்க்காக உச்ச நீதிமன்றமும் 2025-இல் இத்தகைய முடிவே கண்டது. சிவப்பும் பச்சையும் பிரித்தறியாதவர் பேருந்தை ஓட்டலாகாது என்பதை யாவரும் ஒப்புவோம். ஆனால் பணிமனையில் சீட்டுக் கணக்கு எழுதுவதற்கு என்ன தடை? இரயில்வேயினர் இதனை முன்னரே உணர்ந்திருந்தனர். வண்டி ஓட்டுவோர்க்கு ஏ-1 என்றும், எழுத்தர் போன்றோர்க்கு சி-2 என்றும் மருத்துவத் தகுதியை அவர்கள் வகுத்திருப்பதால், ஒன்றிற்குத் தகாதவர் மற்றொன்றிற்குத் தக்கவராதல் அங்கே இயல்பு.

தொழிற்பேட்டைத் தோழர்கள் ஏமாற்றமடையக் கூடும். இந்தப் பாதுகாப்பு தனியார் ஆலைகளை எட்டவில்லை, அது பெருங்குறையே. எனினும், பணிக்காலத்தில் நிலையான முழு ஊனமுற்றவர்க்கு, ஒரே ஒரு மாதச் சந்தா கட்டியிருப்பினும், வருங்கால வைப்பு நிதியின் 1995-ஆம் ஆண்டு ஓய்வூதியத் திட்டத்தில் மாத ஓய்வூதியம் உண்டு. பத்தாண்டு நிறையவில்லை என்று வாளாவிருந்துவிட வேண்டா.

அரசுப் பணியாளர் இல்லத்தார்க்கு நாம் வேண்டுவது இது. மருத்துவமனையிலிருந்து திரும்பிய துயரத்தில் எந்தத் தாளிலும் கையெழுத்திடாதீர்கள். மாற்றுப் பணி கோரி எழுத்து மூலம் விண்ணப்பம் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்கு முத்திரை வாங்குங்கள். ஒவ்வோர் அரசு நிறுவனத்திலும் குறைதீர் அலுவலர் ஒருவர் இருத்தல் வேண்டும் என்பது 2016-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 23-ஆம் பிரிவு. முறையீட்டை அவர் இரு வாரங்களுக்குள் விசாரிக்க வேண்டும். அதன் பின்னும் குறை தீராவிடில் மாவட்டக் குழுவை நாடலாம். கன்னடத்தில் எழுதவேண்டிய மனுக்களை, இங்கேயே படித்து வளர்ந்த நம் கல்லூரிப் பிள்ளைகள் எழுதித் தர இசைந்துள்ளனர். ஞாயிறு காலையில் சங்க அறை திறந்திருக்கும். பணிப் பதிவேட்டின் படியையும் மருத்துவச் சான்றையும் மறவாது கொண்டு வாருங்கள்.