நெற்றியை அழித்த தாய்



இறக்குவானைத் தோட்டத்துச் சிறுமி லயத்திலே தமிழ்ப்பிள்ளை. கடைவீதிக்கு இறங்கும் வேளையிலோ, தாயின் முந்தானை அவள் நெற்றிப் பொட்டைத் துடைத்தது. “அங்கே என்னை ‘அம்மே’ என்று கூப்பிடு” என்றாள் தாய். எல்லோரையும் போலத் தெரிய வேண்டும். அந்தப் பிள்ளை கற்ற முதற்பாடம் அதுதான்!

கற்பித்தவள் தாயா? இல்லை! 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கச் சட்டம் அவளைப் பெற்றவர்களை நாடற்றோராக்கிற்று. 1964இல் சிறிமாவோவும் சாஸ்திரியும் 9,75,000 பேரைப் பங்கிட்டனர். இந்தியாவுக்கு 5,25,000, இலங்கைக்கு 3,00,000. மிச்சம் 1,50,000 பேரா? அவர்களைப் பிறகு பார்த்துக்கொள்ளலாமாம்! தேயிலைப் பெட்டிகளைக்கூட இப்படி விட்டுவைப்பதில்லை. பத்தாண்டு கழித்து, 1974இல், அவர்களையும் பாதிபாதியாகப் பிரித்தனர். 1981 ஆகஸ்டில் இரத்தினபுரி மாவட்டத் தோட்டங்கள் தாக்கப்பட்டன, லயங்கள் எரிந்தன. அதன்பின் எந்தத் தாய் பிள்ளையைப் பொட்டிட்டு அனுப்புவாள்?

2003இல் சட்டம் குடியுரிமை தந்தது, மகிழ்ச்சி. ஆயினும், அடையாள அட்டை சட்டைப்பையில் இருந்தும், பேருந்திலே தமிழ் பேசும்போது குரலைத் தாழ்த்துகிறானே இளைஞன், அவனைக் கோழை என்று நான் சொல்லமாட்டேன். சொல்கிறவர்கள் அவனருகே அமர்ந்து, இறக்குவானை வரையில் உரக்கத் தமிழ் பேசிக்கொண்டு வரட்டும்!