பூனைக்குச் சீனி பார்த்தல்: தலைமை உரை



பாரிஸின் ஸ்டாலின்கிராட்டிலும் லா சப்பலிலும் சீனி வருத்தம் உள்ள பெரியவர்கள் இருக்கும் தமிழ் வீடுகளில் மேசை லாச்சிக்குள் ஒரு குளுக்கோமீட்டர் கிடக்கும். வீட்டுப் பூனை ஓயாமல் தண்ணீர் குடித்து, நன்றாகச் சாப்பிட்டும் மெலிந்துகொண்டே போனால், அந்த மெஷினையே எடுத்துப் பார்க்கத் தோன்றும். இக்கருத்தரங்கு அங்கிருந்துதான் தொடங்க வேண்டும்.

பூனையின் காதை உள்ளங்கைச் சூட்டில் சற்று வைத்திருந்து, மடலின் விளிம்பில் ஓடும் மெல்லிய இரத்தக்குழாயருகே குத்தினால் ஒரு சொட்டு இரத்தம் வரும். மெஷினின் பட்டை அதை உறிஞ்சியதும் பஞ்சால் அழுத்திப் பிடித்தால் போதும். சிக்கல் மெஷின் காட்டும் எண்ணில் இருக்கிறது. மனித இரத்தத்தில் குளுக்கோஸின் ஏறத்தாழ 42 சதவீதம் சிவப்பணுக்களில் இருக்கிறது. பூனையிலோ 7 சதவீதம்தான், மற்றதெல்லாம் பிளாஸ்மாவில். அதனால் மனிதருக்கான மெஷின் பூனையின் சீனியைப் பெரும்பாலும் குறைத்தே காட்டும். பூனைக்கென அளவமைத்த ஆல்ஃபாட்ராக் போன்ற மெஷின்கள் வந்தது இதனால்தான்.

அடுத்தது பயம். அதுவும் சீனியை ஏற்றும்.

1911-இல் ஹார்வர்டில் வால்ட்டர் கேனன் குழுவினர் பூனைகளிடமே இதைக் கண்டறிந்தனர். கட்டிவைத்ததால் அஞ்சிய பூனைகளின் சிறுநீரில் சீனி இறங்கியது. கூண்டருகே நாய் குரைத்தபோதும் அதுவே நேர்ந்தது. பயத்தில் சுரக்கும் அட்ரினலின், ஈரலின் கிளைக்கோஜனைக் குளுக்கோஸாக்கி இரத்தத்தில் சேர்க்கிறது. அந்தக் கிளைக்கோஜனை 1857-இல் பிரித்தெடுத்த குளோட் பெர்னார் இதே பாரிஸில் ஆய்வு செய்தவர். பெட்டியில் அடைத்து மெட்ரோவில் கொண்டுபோய் மிருக வைத்தியரின் மேசையில் இறக்கிய பூனைக்கு டெசிலிட்டருக்கு 300 மில்லிகிராம் காட்டினாலும் அதற்கு நோய் இல்லாமல் இருக்கலாம். ஃப்ரக்டோசமின் பரிசோதனை கடந்த ஓரிரு வாரச் சராசரியைச் சொல்வதால் இந்த ஐயத்தைத் தீர்க்க உதவும்.

நோய் உறுதியான பிறகு வீட்டுப் பரிசோதனையின் அருமை கூடுகிறது. பூனையின் நீரிழிவு மனிதரின் இரண்டாம் வகையை ஒத்தது. தொடக்கத்திலேயே நன்றாகக் கட்டுப்படுத்தினால் சில பூனைகளுக்கு இன்சுலினே தேவையற்றுப் போகும். அதைக் கவனியாமல் பழைய அளவிலேயே ஊசி போட்டால் சீனி சரிந்து, தள்ளாட்டமும் வலிப்பும் வரும், உயிரும் போகலாம். சுமார் இரண்டு வாரம் வரை தோலில் ஒட்டியிருக்கும் ஃப்ரீஸ்டைல் லிப்ரே சென்சர் இந்தச் சரிவை முன்கூட்டியே காட்டக்கூடியது.

சிதறி வாழும் குடும்பங்களுக்கு அலகும் ஒரு தடை. பாரிஸ் லிட்டருக்கு 1 கிராம் என்பதைச் சென்னை டெசிலிட்டருக்கு 100 மில்லிகிராம் என்கிறது; இலண்டனில் அது லிட்டருக்கு ஏறத்தாழ 5.5 மில்லிமோல். தொலைபேசியில் அக்கா சொல்லும் எண்ணை அலகு கேட்காமல் ஏற்பது ஆபத்து.

ஸ்டாலின்கிராட்டில் 5-ஆம் இலக்க மெட்ரோ ஏறி பஸ்தீலில் 8-க்கு மாறினால், 1766 முதல் மேசோன் ஆல்ஃபோரில் இயங்கும் மிருக வைத்தியக் கல்லூரியின் வாசலுக்கே போகலாம். அத்தகைய இடங்களிலுள்ள அறிவு தமிழில் வீடுகளுக்கு வந்து சேர வேண்டும். அலகு அட்டவணை, காதில் குத்தும் முறை, சீனி இறங்கியதன் அறிகுறிகள் ஆகிய மூன்றும் அடங்கிய ஒரு தமிழ்த் துண்டுப்பிரசுரத்தை இன்று மாலைக்குள் வரைந்து தருமாறு அமர்வுத் தலைவர்களைத் தலைமை கேட்டுக்கொள்கிறது. முதல் அமர்வு தொடங்கட்டும்.