தன்னைத் தானே செப்பனிடும் பொருள்கள்
(சங்க ஆண்டு விழாவில் ஆற்றிய உரை)



உடம்பில் பட்ட சிறு கீறல் சில நாட்களில் தானே ஆறிவிடுகிறது. சுவரில் விழுந்த விரிசலோ நாளுக்கு நாள் அகலுகிறது. பிராட்வேயைச் சுற்றி வாழும் நமக்கு இது வீட்டுக் கவலை. மழை நீரும் கடலோர உப்பும் விரிசல் வழியே புகுந்து, கான்கிரீட்டின் உள்ளிருக்கும் கம்பியைத் துருப்பிடிக்கச் செய்கின்றன. துரு, இரும்பைவிட மிகுதியான இடத்தை அடைத்துக்கொள்வதால் கான்கிரீட்டையே பிளந்து தள்ளுகிறது. மயிரிழையாக இருந்தபொழுதே அந்த விரிசல் அடைபட்டிருந்தால் கூரை பிழைத்திருக்கும்.

அவ்விரிசல் தானே அடைபடுமா? அடைபடும் என்கிறது விஞ்ஞானம். இதன் வித்து நம் முன்னோர் கையாண்ட சுண்ணாம்பிலேயே உண்டு. சிப்பியைச் சுட்டு நீற்றிய சுண்ணாம்பு, காற்றிலுள்ள கரியமில வாயுவை ஏற்று மீண்டும் கல்லாகிறது. நுண்ணிய விரிசலில் இறங்கும் மழை நீர், எஞ்சிய சுண்ணாம்பைக் கரைத்து அவ்விடத்திலேயே படியவைக்கிறது. பண்டை ரோமானியரின் கட்டடங்கள் நிலைத்து நிற்பதற்கும் அவர்தம் காரையிலுள்ள சுண்ணாம்புக் கட்டிகள் துணை செய்தன என்று அமெரிக்க ஆராய்ச்சியாளர் 2023இல் விளக்கினர்.

ஹாலந்தின் டெல்ஃப்ட் பல்கலைக்கழகத்தில் ஹெங்க் யோங்கர்ஸ் என்பார், உறங்கும் பாக்டீரியாவையும் அதற்குரிய உணவையும் கான்கிரீட்டில் கலந்தார். விரிசல் வழியே நீர் பட்டதும் அவை விழித்தெழுந்து, சுண்ணாம்புக் கல்லை உண்டாக்கி, ஏறத்தாழ அரை மில்லிமீட்டர் வரை அகன்ற விரிசலை அடைக்கின்றன.

நம் நாடும் பின்தங்கிவிடவில்லை. கல்கத்தா ஐசர் நிறுவனத்தாரும் காரக்பூர் ஐ.ஐ.டி.யினரும், முறிந்தபின் தானே ஒட்டிக்கொள்ளும் படிகங்களை 2021இல் வெளியிட்டனர். முறிந்த முகங்களில் தோன்றும் எதிரெதிர் மின்னூட்டங்கள் ஒன்றையொன்று ஈர்ப்பதால், கண்ணிமைக்கும் பொழுதில் துண்டுகள் இணைகின்றன.

எனினும் இவை சிறு விரிசலுக்கே மருந்து. துருவேறிய கம்பியையோ இடிந்த கூரையையோ மீட்கமாட்டா. உறுதியான எஃகுத் தண்டவாளத்தையும் கீமேன் நடந்து சென்று பார்க்கவேண்டியிருக்கிறதன்றோ?

காயலுக்கு அப்பால் மட்டாஞ்சேரியிலுள்ள அரண்மனையைக் காணுங்கள். 1555ஆம் ஆண்டளவில் அதனைக் கட்டிக் கொடுத்தவர் போர்த்துகீசியர். 1663க்குப் பின் அதனைச் செப்பனிட்டவர் டச்சுக்காரர். இன்றும் நாம் அதனை 'டச்சு அரண்மனை' என்றே அழைக்கிறோம். கட்டியவர் பெயர் மறைந்து, காத்தவர் பெயர் நிலைத்துவிட்டது!

ஆகவே, தானே ஆறும் சுவர் நம் காலனிக்கு வரும் நாள் வரட்டும். அதுவரை, இடவப்பாதி மழைக்கு முன்னே ஒவ்வொரு குடும்பத்தாரும் கூரையையும் சுவரையும் ஒருமுறை கண்ணால் பார்த்து, விரிசல் சிறிதாயிருக்கும்பொழுதே அடைத்துவிடுவோமாக.

வாழ்க தமிழ்!