அப்பீலிலும் சமரசம் உண்டு



இன்றைக்குக் கடன் வழக்கு பற்றிக் கொஞ்சம் பேசுறேன். "கோர்ட்டுல தீர்ப்பே வந்தாச்சு, இனி என்ன சமரசம்?"னு பலரும் கேட்கிறாங்க. அப்பீல் நடக்கும்போதும் சமரசம் பண்ணலாம், அக்கா.

எனக்குத் தெரிந்த இரண்டு பேர், பக்கத்துப் பக்கத்துத் தோட்டக்காரங்க. ஒருத்தர் புரோநோட்டு எழுதி 2 லட்சம் வாங்கினார். கொடுத்தவர் வழக்குப் போட்டார், வட்டியோடு கட்டணும்னு தீர்ப்பு. வாங்கினவரோ, "பாதி கொடுத்துட்டேன்"னு அப்பீல் போனார், ரசீது இல்லை. வட்டி சேர்ந்து தொகை 3 லட்சத்தைத் தாண்டியது. ஒருத்தர் வீட்டுச் சாவுக்குக்கூட இன்னொருத்தர் போகலை.

கொடுத்தவருக்கு மகளுக்குக் காலேஜ் ஃபீஸ் கட்டணும். அப்பீல் முடிந்தாலும் அடுத்து சென்னை ஹைகோர்ட் வரை போகலாம். வாங்கினவருக்கோ ஜப்தி பயம். அப்பீல் போட்டதாலேயே ஜப்தி நிற்காது; தடை உத்தரவு தனியாக வாங்கணும். ரெண்டு பேருக்கும் அவசரம் இருந்தது, அதனால்தான் பேச்சு நகர்ந்தது. 2,30,000 என்று முடிவாச்சு. முதலில் 1 லட்சம், பிறகு மாதம் 13,000 வீதம் 10 மாதம்.

ஊர்ப் பெரியவங்க முன்னாடி பேசினது நல்லதுதான். ஆனா வாய்ப்பேச்சோடு நின்றால் பழைய தீர்ப்பு அப்படியே உயிரோடு இருக்கும். 12 வருஷம் வரை அதை நிறைவேற்றக் கேட்கலாம். கோர்ட்டில் பதிவாகாத பணத்தை, நிறைவேற்றும் கோர்ட்டு கணக்கில் எடுக்காது. அதனால் எழுதி, இரண்டு தரப்பும் கையெழுத்துப் போட்டு, அப்பீல் கோர்ட்டிலேயே கொடுக்கணும். தொகை, தவணைத் தேதி, தவணை தவறினால் என்ன என்பது மூணும் அதில் தெளிவா இருக்கணும். அந்தச் சமரசப்படி வரும் தீர்ப்புக்கு மேல் அப்பீல் கிடையாது. படிச்சுப் பார்க்காமல் கையெழுத்துப் போடாதீங்க.

இன்னொரு லாபமும் உண்டு. மேல்முறையீட்டில் தங்களுக்குள்ளேயே பேசி முடித்தவர்களுக்கும் கோர்ட்டுக் கட்டணத்தைத் திருப்பித் தரணும்னு சென்னை உயர் நீதிமன்றம் 2020-ல் சொன்னது. கோர்ட்டு அனுப்பி சமரசம் ஆனால்தான் தரலாம் என்ற வாதத்தை உச்ச நீதிமன்றம் 2021 பிப்ரவரி 17 அன்று ஏற்கவில்லை. தமிழ்நாடு நீதிமன்றக் கட்டணச் சட்டம் 69-ஏ பிரிவுதான் அதற்கு ஆதாரம். மக்கள் நீதிமன்றத்தில் முடித்தாலும் கட்டணம் திரும்ப வரும்.

வக்கீலுக்குப் பணமில்லையே என்று பயப்பட வேண்டாம். 1987-ம் ஆண்டு சட்டப்படி பெண்களுக்கு, வருமானம் எவ்வளவு இருந்தாலும், இலவச சட்ட உதவி உண்டு. ஊட்டியில் மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவைக் கேளுங்க, இல்லைன்னா 15100-க்கு போன் போடுங்க.

குழுவில் பத்து ரூபாய்க்கும் நாம் கணக்கு எழுதுறோம். வெளியில் கொடுக்கிற, வாங்குகிற லட்சத்துக்கும் ரசீது எழுதுவோம்.